செல் சவ்வின் அமைப்பும் பணிகளும் என்ன? மனப்பாடம் பண்ணாமல் புரிந்துகொள்ள வழி இருக்கிறதா?

பதினொன்றாம் வகுப்பு படிக்கிறீர்கள், செல் சவ்வுப் பாடத்தை மூன்று தடவை மனப்பாடம் செய்தும் பரீட்சையில் பாதி மறந்துபோனது, வேறு வழி உண்டா என்று கேட்டிருக்கிறீர்கள். உண்டு. கோபியில் பத்துப் பன்னிரண்டு வருடமாக உயிரியல் டியூஷன் எடுக்கிறேன். இந்தப் பாடத்தை நான் சவ்வில் ஆரம்பிப்பதே இல்லை. மஞ்சளில்தான் ஆரம்பிப்பேன்.

எனக்குச் சொந்த ஊர் சிவகிரி பக்கம். மாசி பிறந்தால் அப்புச்சி (அம்மாவின் அப்பா) வீட்டுக் களத்தில் மஞ்சள் வேகவைக்கிற கொப்பரையை அடுப்பில் ஏற்றிவிடுவார்கள். கரும்புச் சோகையும் காய்ந்த மஞ்சள் தழையும்தான் எரிப்பு. கொப்பரை நிறைய மஞ்சளைக் கொட்டி, மேலே இலையும் சாக்கும் போட்டு மூடியிருக்கும். நுரை தள்ளி, ஆவியோடு அந்த வாசம் களம் முழுக்கக் கிளம்பியதும், அப்புச்சி ஒரு விரலியை வெளியே எடுத்துக் குச்சியால் குத்திப் பார்ப்பார். தடங்கல் இல்லாமல் இறங்கினால் வெந்துவிட்டது என்று அர்த்தம். இப்போது எல்லாம் பாய்லர், நீராவி. குத்திப் பார்ப்பது மட்டும் மாறவில்லை.

"எதுக்குங்க அப்புச்சி வேக வெக்கறீங்க, அப்படியே காயப் போட்டா ஆவாதா?" என்று கேட்டிருக்கிறேன்.

"ஆவாது அம்மிணி. உசுரோட இருக்கற கெழங்கு தண்ணிய உடாது" என்றார்.

அவர் பள்ளிக்கூடப் பக்கம் அதிகம் போனவர் இல்லை. ஆனால் உங்கள் பாடத்தின் நடு விஷயம் அந்த ஒரு வரியில் இருக்கிறது. பச்சை மஞ்சள் கிழங்கில் ஒவ்வொரு செல்லும் உயிரோடு இருக்கிறது. ஒவ்வொன்றையும் சுற்றி ஒரு சவ்வு. உள்ளே இருக்கிற தண்ணீரும் கரைந்த பொருள்களும் இஷ்டத்துக்கு வெளியே போக அது விடுவதில்லை. சூடு ஏறியதும் அந்தச் சவ்வு குலைகிறது. மாவுச்சத்து பசையாகிறது என்பது கூடவே நடக்கிற இன்னொரு விஷயம். வெந்த மஞ்சள் வெயிலில் பத்துப் பதினைந்து நாளில் கலகலவென்று காய்ந்துவிடும். இன்னொன்றும் கவனியுங்கள். பச்சை விரலியில் நிறம் சில செல்களில் மட்டும் எண்ணெய்ப் பசையோடு அடைந்து கிடக்கும். வெந்ததை ஒடித்தால் உள்ளே முழுக்க ஒரே நிறம், தடுப்புகள் போய்விட்டதால் எல்லாம் கலந்துவிட்டது. விதைக்கு ஒதுக்கும் மஞ்சளை யாரும் வேகவைப்பதில்லை. நிழலில் குவித்து மூடி வைப்பார்கள். வைகாசியில் அது முளை விடும், வெந்தது விடாது.

ஆக, உள்ளே இருப்பதும் வெளியே இருப்பதும் ஒன்றாகிவிடாமல் அந்த வித்தியாசத்தைக் காப்பாற்றுவதுதான் சவ்வின் வேலை. புத்தகத்தில் ஏழெட்டுப் பணிகள் வரிசையாக இருக்கும். எல்லாம் இதிலிருந்து கிளைப்பவைதான்.

சரி, அமைப்புக்கு வருவோம். சவ்வின் அடிப்படைச் சரக்கு பாஸ்போலிப்பிடு. ஒரு தலை, இரண்டு வால். பாஸ்பேட் இருக்கிற தலை தண்ணீரோடு ஒட்டும். கொழுப்பு அமில வால்கள் தண்ணீரிலிருந்து ஒதுங்கும். இவற்றைத் தண்ணீரில் போட்டால், யாரும் அடுக்காமலே வால்கள் ஒன்றையொன்று பார்த்து உள்ளே ஒளிந்துகொள்ளும், தலைகள் இரண்டு பக்கமும் தண்ணீரைப் பார்த்து நிற்கும். அதுதான் இரட்டை அடுக்கு. விரித்த பாய் மாதிரி இருந்தால் ஓரத்தில் வால்கள் நனையுமே? அதனால் தானாகவே மூடி உருண்டையாகிவிடும். கிழிந்தாலும் சின்னக் கிழிசல் என்றால் தானே ஒட்டிக்கொள்ளும். தடிமன் சுமார் 5 முதல் 8 நானோமீட்டர். 5 என்று வைத்துக்கொண்டால், ஒரு மில்லிமீட்டருக்குள் 2 லட்சம் சவ்வுகளை அடுக்கலாம்.

இரண்டு அடுக்கு என்பதை முதலில் கண்டுபிடித்த கதை எனக்குப் பிடித்தது. 1925-இல் நெதர்லாந்தில் கோர்ட்டர், கிரெண்டல் என்ற இருவர் இரத்தச் சிவப்பணுக்களிலிருந்து கொழுப்பை மட்டும் பிரித்தெடுத்து, தண்ணீர்மேல் ஒரே அடுக்காகப் பரப்பி, பரப்பை அளந்தார்கள். அணுக்களின் மேற்பரப்பைப் போல இரண்டு மடங்கு வந்தது. சிவப்பணுவுக்கு உள்ளே வேறு சவ்வுகள் இல்லாததால் கணக்கு சுத்தம். வேடிக்கை என்னவென்றால் அவர்கள் கொழுப்பை முழுதாகப் பிரித்தெடுக்கவில்லை, அணுவின் பரப்பையும் குறைத்துக் கணக்கிட்டிருந்தார்கள். இரண்டு தப்பும் ஒன்றையொன்று சரிக்கட்டி, விடை சரியாக வந்துவிட்டது! என் மாணவர்கள் இதைக் கேட்டால் மட்டும் எப்போதும் மறப்பதில்லை, காரணம் எனக்குத் தெரியும்.

அடுத்து 'திரவ மொசைக் மாதிரி'. 1972-இல் சிங்கரும் நிக்கல்சனும் சொன்னது. திரவம் என்ற சொல்லில்தான் பலர் தடுக்கி விழுகிறார்கள். மார்கழிக் காலையில் வீட்டில் இருக்கிற இரண்டு எண்ணெய்களைப் பாருங்கள். காங்கேயத்திலிருந்து வாங்கிவந்த தேங்காயெண்ணெய் பாட்டிலில் வெள்ளையாக உறைந்து நிற்கும், தலைக்கு வைக்க வெயிலில் வைத்து உருக்கணும். பக்கத்திலேயே கடலை எண்ணெய் சலசலவென்று இருக்கும். தேங்காயெண்ணெயின் கொழுப்பு அமிலங்கள் பெரும்பாலும் நிறைவுற்றவை, நேர் வால்கள், நெருக்கி அடுக்கிக்கொள்ளும். கடலை எண்ணெயில் நிறைவுறாதவை அதிகம். அவற்றின் வாலில் ஒரு மடிப்பு விழுவதால் நெருங்கி அடுக்க முடியாது. செல் சவ்விலும் இதே கதைதான். பாக்டீரியாவும் மீனும் குளிருக்குப் பழகும்போது சவ்வில் மடிப்பு வால்களைக் கூட்டிக்கொள்கின்றன, உறைந்துவிடாமல் இருக்க. நம் செல்களில் கொலஸ்ட்ரால் இடையில் செருகி நின்று, சூட்டில் சவ்வு ரொம்ப இளகாமலும் குளிரில் இறுகாமலும் பார்த்துக்கொள்கிறது. கொலஸ்ட்ரால் என்றாலே கெட்டது என்று டிவியில் கேட்டுப் பழகியவர்களுக்கு இது புதிதாக இருக்கும்.

மொசைக் என்பது புரதங்களால். கொழுப்பு அடுக்கில் புரதங்கள் இங்கொன்றும் அங்கொன்றுமாகப் பதிந்து கிடக்கின்றன, சில முழுக்க ஊடுருவி, சில ஓரத்தில் ஒட்டி. அவை நகரவும் செய்யும். 1970-இல் பிரையும் எடிடினும் ஒரு மனித செல்லையும் ஒரு எலி செல்லையும் ஒன்றாக இணைத்து, இரண்டின் புரதங்களுக்கும் வேறு வேறு ஒளிர்நிறம் கொடுத்துப் பார்த்தார்கள். முதலில் பாதிக்குப் பாதி தனித்தனி நிறம். 37 டிகிரியில் சுமார் 40 நிமிடத்தில் எல்லாம் கலந்துவிட்டது. நன்றாகக் குளிர்வித்தபோது கலக்கவில்லை. எண்ணெய் உறைந்த கதைதான்.

கைடுகளில் சவ்வைக் 'காவல்காரன்' என்று எழுதுவார்கள். எனக்கு அது பிடிக்காது. அங்கே யாரும் நின்று தீர்மானிப்பதில்லை. நடுவில் இருப்பது எண்ணெய், அவ்வளவுதான். ஆக்சிஜன், கார்பன் டை ஆக்சைடு போன்ற மின்சுமை இல்லாத சின்ன மூலக்கூறுகள் எண்ணெயில் கரைந்து தாமாகவே போய் வரும். சோடியம், பொட்டாசியம் அயனிகளாலும் சர்க்கரையாலும் அந்த எண்ணெயைத் தாண்ட முடியாது, அவற்றுக்குப் புரத வழி வேண்டும். தண்ணீர் கொஞ்சம் கசிந்து போகும். வேகமாகப் போக 'அக்குவாபோரின்' என்று தனிப் புரதக் குழாயே இருக்கிறது. அதைக் கண்டுபிடித்த பீட்டர் ஆக்ரேவுக்கு 2003-இல் நோபல் பரிசு கிடைத்தது.

சவ்வூடுபரவலுக்கு என் சித்தப்பா காடே உதாரணம். நொய்யல் ஓரம், ஒரத்துப்பாளையம் அணைக்குக் கொஞ்சம் கீழே. பாசனத்துக்கென்று 1992-இல் வந்த அணை, சாயக்கழிவு தேங்கி உப்புக் குட்டையானது, விவசாயிகளே கோர்ட்டுக்குப் போக வேண்டியதானது ஊரறிந்த கதை. சித்தப்பா கிணற்றுத் தண்ணீரும் உப்பாகிவிட்டது. அதைப் பாய்ச்சிய வாழை, காலடியில் ஈரம் இருக்கும்போதே இலை ஓரம் கருகி வாடி நின்றதைப் பார்த்திருக்கிறேன். வேர்ச் செல்லுக்குள் இருப்பதைவிட வெளி மண்ணில் உப்பு கூடிவிட்டால் தண்ணீர் உள்ளே வராது. ரொம்பக் கூடினால் உள்ளே இருப்பதே வெளியே போகும். தண்ணீரைச் சவ்வு விடுகிறது, உப்பை விடுவதில்லை. சவ்வூடுபரவல் என்பது இந்த ஒரு வித்தியாசத்தின் விளைவுதான். மாங்காய்த் துண்டில் உப்புப் போட்டுக் குலுக்கி வைத்தால் ராத்திரிக்குள் தண்ணி விட்டு நிற்பதும் இதுவே.

பள்ளி ஆய்வகத்தில் ரியோ இலை இருந்தால் இதை நேரில் பாருங்கள், விட்டுவிடாதீர்கள். இலையின் அடிப்பக்க ஊதாத் தோலை மெல்ல உரித்து, நுண்ணோக்கியில் வைத்து, ஓரத்தில் ஒரு சொட்டு கெட்டியான உப்புக்கரைசல் விடுங்கள். கொஞ்ச நேரத்தில் ஊதா நிறம் சுவரை விட்டு விலகி நடுவில் சுருங்கும். நிறம் இருப்பது வாக்குவோலில், அதாவது செல்லுக்குள் இருக்கிற சாற்றுப் பையில். அதைச் சுற்றி மெல்லிய சைட்டோபிளாசம், அதன் வெளி ஓரம்தான் செல் சவ்வு. கட்டம் கட்டமாக அசையாமல் நிற்பது செல் சுவர். சுவர் வேறு, சவ்வு வேறு என்பது அந்த ஒரு பார்வையில் மனதில் பதிந்துவிடும். உப்பை வடித்துவிட்டு நல்ல தண்ணீர் விட்டால் ஊதா மறுபடி விரியும். அப்புறம், வெந்நீரில் போட்டெடுத்த இலையில் இதையே செய்து பாருங்கள். சுருங்காது, நிறம் வெளியே கசிந்து போயிருக்கும். மஞ்சள் கொப்பரைக்குள் நடந்தது அதுதான்.

இனி செயல்மிகு கடத்துதல். இதுவரை சொன்னதில் எதற்கும் செல் காசு செலவழிக்கவில்லை. ஆனால் வித்தியாசத்தைக் காப்பாற்றச் செலவு உண்டு. செல்லுக்கு வெளியே சோடியம் உள்ளே இருப்பதைப் போலப் பத்து மடங்குக்கு மேல், பொட்டாசியம் அதற்கு நேர் எதிர். இரண்டும் கொஞ்சம் கொஞ்சமாகக் கசிந்துகொண்டே இருக்கும். அதைத் திருப்பி இறைக்க ஒரு புரத பம்ப் ஓடுகிறது. செல்லுக்கு ஆற்றல் தரும் ஏடிபி மூலக்கூறு ஒன்றின் செலவில் 3 சோடியத்தை வெளியே தள்ளி 2 பொட்டாசியத்தை உள்ளே இழுக்கும். டென்மார்க்கின் ஸ்கௌ 1957-இல் இதைக் கண்டுபிடித்தார், நோபல் வர 1997 ஆகிவிட்டது. நாம் சும்மா படுத்திருக்கும்போது உடம்பு செலவழிக்கும் ஆற்றலில் சுமார் ஐந்தில் ஒரு பங்கு இந்த இறைப்புக்கே போகிறது. இரத்த வங்கியில் குளிரில் வைத்த இரத்தத்தில் நாள் ஆக ஆகப் பொட்டாசியம் வெளியே கூடும். குளிரில் பம்ப் நின்றுபோவதுதான் காரணம்.

இவ்வளவு செலவு எதற்கு என்று ஒரு பெண் கேட்டாள். நல்ல கேள்வி. வெளியே குவித்து வைத்த சோடியம் மேட்டில் கட்டிய தொட்டித் தண்ணீர் மாதிரி. உள்ளே வர முட்டிக்கொண்டிருக்கும். நரம்பு அந்தத் தள்ளலை வைத்துத்தான் செய்தி அனுப்புகிறது. குடல் செல்லில் சோடியம் உள்ளே வரும்போது குளுக்கோஸையும் கூட இழுத்துக்கொண்டு வருகிறது, பின்னாலேயே தண்ணீர் வருகிறது. வயிற்றுப்போக்கில் வெறும் தண்ணீர் கொடுக்காமல் உப்பும் சர்க்கரையும் சேர்த்துக் கொடுப்பது இதனால்தான். சர்க்கரை தெம்புக்கு என்று நம் வீடுகளில் நினைத்துக்கொள்கிறார்கள். தெம்பைவிட, உப்பையும் தண்ணீரையும் உள்ளே இழுப்பதுதான் அதன் முக்கிய வேலை.

மற்ற பணிகளைச் சுருக்கமாக முடித்துவிடலாம். இன்சுலின் போன்ற ஹார்மோன்கள் செல்லுக்குள் போகாமலே, சவ்வின் ஏற்பிப் புரதத்தில் ஒட்டிச் செய்தி சொல்கின்றன. வெளிப்பக்கம் நீட்டிக்கொண்டிருக்கும் சர்க்கரைச் சங்கிலிகள் அடையாளத்துக்கு. ஏ, பி இரத்த வகைகளுக்கிடையே வித்தியாசம் அந்தச் சங்கிலி முனையில் இருக்கிற ஒரே ஒரு சர்க்கரைதான். பெரிய சாமான் என்றால் சவ்வே மடிந்து விழுங்கும், வெள்ளையணு கிருமியை விழுங்குவது போல.

பரீட்சையில் மதிப்பெண் போகிற இடங்களைச் சொல்லிவிடுகிறேன். படத்தில் தலைகளை உள்ளேயும் வால்களை வெளியேயும் வரைந்துவிடுகிறார்கள். சர்க்கரைச் சங்கிலியை இரண்டு பக்கமும் போடுகிறார்கள், வெளிப்பக்கம் மட்டும்தான் வரவேண்டும். 3-ம் 2-ம் இடம் மாறிப்போகிறது. சவ்வைச் 'செல் சுவர்' என்று குறித்துவிட்டு வருகிறவர்களும் வருடத்துக்கு நாலு பேராவது உண்டு, அவர்களுக்கு நான் ரியோ இலையை மறுபடி காட்டுவேன்.