விக்ஸ்பர்க்கில் நிற்கும் கெய்ரோ அசல் கப்பல்தானா?

மகனைப் பார்க்க அமெரிக்கா போகும் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார்: மிசிசிப்பி மாநிலத்து விக்ஸ்பர்க் வழியாகப் போகிறோம், அங்கே இருக்கும் உள்நாட்டுப் போர்க் காலத்து நீராவிக் கப்பல் கெய்ரோ அசலா, மாதிரியா? அதற்காக வண்டியை நிறுத்தலாமா?

கட்டாயம் நிறுத்துங்கள், அசல்தான். 1862-இல் யாசூ ஆற்றில் மூழ்கி நூறு வருஷம் சேற்றுக்குள் கிடந்ததை 1964-இல் தூக்கினார்கள், தூக்கும்போதே மூன்று துண்டாகிவிட்டது. அந்தத் துண்டுகளைத்தான் சேர்த்து நிறுத்தியிருக்கிறார்கள். கவசத் தகடு, பீரங்கி, கொதிகலன் எல்லாம் பழையவை, மரம் போன இடத்தில் மட்டும் புதுச் சட்டகம் கொடுத்து உருவத்தைக் காட்டியிருக்கிறார்கள்.

எல்லோரும் முன்னால் நின்று பீரங்கியோடு படம் எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்கள். நீங்கள் பின்பக்கம் போங்கள். ஆற்றுப் படகின் துடுப்புச் சக்கரம் வழக்கமாக வெளியே தெரியும். இதில் குண்டு பட்டுவிடக் கூடாது என்று கப்பலுக்குள்ளேயே மறைத்து வைத்திருக்கிறார்கள். 13 பீரங்கி, இரண்டரை அங்குல இரும்புத் தகடு, இத்தனையும் ஏற்றிக்கொண்டு சுமார் ஆறடித் தண்ணீரில் மிதந்த கப்பல் இது. ஜேம்ஸ் ஈட்ஸ் என்ற பொறியாளர் வடக்கு மாநிலங்களின் படைக்காக இதே அமைப்பில் ஏழு கட்டிக் கொடுத்தார். ஆற்றுச் சண்டை என்பதால் முதலில் இவை கடற்படையிடம் இல்லை, 1862 அக்டோபர் வரை தரைப்படையின் கையில்தான் இருந்தன.

கெய்ரோ 1862 ஜனவரியில் சேவைக்கு வந்து, ஜூன் 6 அன்று மெம்ஃபிஸ் சண்டையில் கலந்துகொண்டது. அப்புறம் டிசம்பர் 12, யாசூவில் கண்ணிவெடிகளை அகற்றப் போன இடத்தில் அதற்கே வெடித்துவிட்டது. தகடு முழுக்கத் தண்ணீருக்கு மேலே, எதிரி சுடும் பக்கத்தில். அடிப்பாகம் வெறும் மரம்! குனிந்து அடியைப் பாருங்கள், பன்னிரண்டே நிமிடத்தில் ஏன் மூழ்கியது என்று யாரும் சொல்லாமலே புரிந்துவிடும்.

செல்ஃப்ரிட்ஜ் என்ற தளபதியின் கீழ் இருந்த மாலுமிகளில் ஒருவர்கூடச் சாகவில்லை. ஆனால் எதையும் எடுத்துக்கொள்ள நேரமில்லாமல் அப்படியே விட்டு ஓடினார்கள். அவர்களுடைய காலணி, சாப்பாட்டுப் பாத்திரம், மருந்துப் புட்டி எல்லாம் பக்கத்து அருங்காட்சியகத்தில் இருக்கின்றன, சேறு காற்றுப் படாமல் காப்பாற்றிக் கொடுத்தது. அதற்கும் நேரம் ஒதுக்குங்கள். கப்பலுக்குக் கூரை மட்டும்தான், பக்கமெல்லாம் திறந்தவெளி. கோடையில் போனால் தொப்பியும் தண்ணீரும் வேண்டும்.