அகமணமும் வெறும் கல்யாணமும் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

சமூகவியல் கட்டுரைகள் சிலவற்றை ஆங்கிலத்திலிருந்து மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். தன் குழுவுக்குள்ளேயே மணப்பதைக் குறிக்கும் ‘எண்டோகமி’ என்ற சொல்லுக்குத் தமிழில் அகமணம், உள்மணம், தன்குல மணம் என்று ஆளுக்கொரு விதமாக எழுதுகிறார்கள். இவற்றில் எது சரி? அகமணத்தில் உள்ள ‘அகம்’ அகத்திணையோடு தொடர்புடையதா? எங்கள் குடும்பத்தில் மூன்று தலைமுறையாக அகமணம்தான். என் அப்பாவும் அம்மாவும் அத்தை மகனும் மாமன் மகளும் ஆவார்கள். ஆனால் ஒரே கூட்டத்துக்குள், அதாவது தந்தைவழிப் பங்காளிகளுக்குள், பெண் எடுக்க மாட்டோம். இதை நம் முன்னோர்களுக்கு மரபணு அறிவு இருந்ததற்குச் சான்றாகக் கொள்ளலாமா? வீட்டில் எனக்குப் பெண் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த அலைச்சலுக்கு நடுவே எழுதுவதால் கடிதம் கோர்வையாக இல்லாவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள். என் பெயரை வெளியிட வேண்டாம்.

ஒரு வாசகர், ஈரோடு

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் பெயரை நீக்கிவிட்டேன். கடிதத்தில் உங்கள் கூட்டத்தின் பெயரையும் எழுதியிருந்தீர்கள்; நீங்கள் கேட்காவிட்டாலும் அதையும் நீக்கினேன். பெயரை மறைக்கத் தோன்றிய உங்களுக்குக் கூட்டத்தை மறைக்கத் தோன்றவில்லை என்பதைக் கவனித்தேன், அவ்வளவுதான்.

உங்கள் கடிதம் வந்த நேரம் அப்படி. சென்ற மாதம் என் அத்தை காலமானார். அவருடைய தகரப் பெட்டியை ஒழித்தபோது அடியில், மஞ்சள் தடவிய தாள்களில், அவருடைய ஜாதகத்தின் பதினான்கு படிகள் ஒரே கையெழுத்தில் கிடைத்தன. வரன் வீடுகளுக்கு அனுப்புவதற்காக என் தாத்தா எழுதி வைத்தவை. அனுப்ப வீடு இல்லாமல் தங்கிவிட்டவை. அந்தத் தாள்களை என்ன செய்வதென்று தெரியாமல் மேசையில் வைத்திருந்த வாரத்தில்தான் நீங்கள் ‘அகமணம்’ என்ற சொல் சரியா என்று கேட்டு எழுதினீர்கள்.

அகத்திணையை விட்டுவிடுங்கள். அகம் என்றால் உள், புறம் என்றால் வெளி. குழுவுக்குள் மணப்பது அகமணம், குழுவுக்கு வெளியே மணப்பது புறமணம், அதற்கு மேல் அந்தச் சொல்லில் ஒன்றும் இல்லை. எந்த உறவு முறையில் நாம் கேளிர் என்று கேட்டு, எந்த முறையும் இல்லை என்பதில் மகிழ்கிறவர்கள் அகப்பாடலின் காதலர்கள். உங்கள் கட்டுரைகள் பேசுவது முறை தெரியாத வீட்டில் தண்ணீர்கூடக் குடிக்காதவர்களைப் பற்றி. இரண்டுக்கும் முடிச்சுப் போடாதீர்கள்.

அடுத்தது நீங்கள் செய்திருக்கும் பிழை. அத்தை மகனும் மாமன் மகளும் மணந்துகொள்வது அகமணம் அல்ல, அது உறவுமணம். அகமணம் என்பது எல்லையைப் பற்றிய விதி: இந்த வேலிக்கு வெளியே பெண் கொடுக்காதே, பெண் எடுக்காதே என்பது. அந்த வேலிக்குள் யாரை மணக்கலாம், யாரை மணக்கக் கூடாது என்பது வேறு விதி; அது பெரும்பாலும் புறமண விதியாகவே இருக்கும். உங்கள் பகுதியில் கூட்டம், செட்டிநாட்டு நகரத்தாரிடம் ஒன்பது கோயில்கள், கொண்டையங்கோட்டை மறவர்களிடம் தாய்வழியில் வரும் கிளை, பிராமணர்களிடம் கோத்திரம் என்று பெயர்தான் மாறுகிறது. உள்ளே பங்காளி என்றும் மாமன் மச்சான் என்றும் பிரித்து, பங்காளியைத் தவிர்த்துவிட்டு, மாமன் மச்சானோடு சம்பந்தம் செய்கிறோம். இப்படி வெளியே ஒரு வேலியும் உள்ளே பல வரப்புகளுமாக இருப்பதைத்தான் ஒரே சொல்லில் போட்டுக் குழப்பிவிட்டீர்கள்.

இந்தக் குழப்பம் உங்களோடு தொடங்கியதும் அல்ல. ஜான் பெர்குசன் மெக்லெனன் என்ற ஸ்காட்லாந்து வழக்கறிஞர் 1865இல் அகமணம், புறமணம் என்ற இரண்டு கருத்துகளுக்கும் கிரேக்க வேர்களிலிருந்து பெயர் சூட்டியபோது, உலகத்தில் அகமணக் குடிகள் என்றும் புறமணக் குடிகள் என்றும் இரண்டு வகை உண்டு என்று நினைத்தார். ஒரே குடியில் இரண்டும் சேர்ந்தே இருக்கின்றன, குலத்துக்கு வெளியேயும் குடிக்கு உள்ளேயும் மணம் நடக்கிறது என்று 1877இல் அமெரிக்க மானிடவியலாளர் லூயிஸ் ஹென்றி மார்கன் எடுத்துக்காட்ட வேண்டியிருந்தது. மொழிபெயர்ப்பாளர் ஒருவர் நூற்றைம்பது ஆண்டுக்கு முந்தைய தவற்றை மறுபடி செய்வதை மன்னிக்கலாம். ஆனால் முன்னோர்களின் மரபணு அறிவு என்று ஒன்றைக் கடிதத்தின் நடுவில் போட்டிருக்கிறீர்களே, அதை மன்னிக்க எனக்கு மனமில்லை.

கொஞ்சம் கணக்குப் போட்டுப் பாருங்கள். அண்ணன் மகனும் தம்பி மகளும் ஒரே கூட்டம். அண்ணன் தங்கை முறை. மணந்தால் ஊர் சிரிக்கும். அத்தை மகனும் மாமன் மகளும் வேறு வேறு கூட்டம், முறைப்பெண், முறைமாப்பிள்ளை, மணந்தால் ஊர் வாழ்த்தும். மரபணுவுக்கு இந்த இரண்டு இணைகளும் ஒரே தூரம்தான், இரண்டிலும் சராசரியாக எட்டில் ஒரு பங்கு பொதுவானது. உங்கள் பெற்றோரே இதற்குச் சான்றாக இருக்கும்போது, கூட்டம் பார்ப்பது மரபணுவைப் பார்ப்பதாகும் என்று எப்படி எழுதினீர்கள்? கூட்டம் பார்ப்பது உறவை ஒழுங்கு செய்வதற்கும் நிலமும் நகையும் யாரிடம் போகின்றன என்பதைக் காப்பதற்கும் ஏற்பட்டது. அதற்கு அதன் அளவில் ஓர் அறிவு உண்டு, இல்லாத அறிவை அதன் தலையில் ஏற்ற வேண்டியதில்லை.

சொந்தத்தில் வேண்டாம், ஆனால் நம்மவர்களாக இருந்தால் போதும் என்று இப்போது படித்தவர்கள் சொல்கிறார்களே, அதிலும் அறிவியல் பாதிதான். ஆந்திரத்து வைசியர்களிடம் ஒரு நொதிக் குறைபாடு பிறரிடம் இருப்பதைவிட மிக அதிகம். அன்றாட வாழ்வில் அது தெரியாது. அறுவைச் சிகிச்சையின்போது தசைகளைத் தளர்த்தக் கொடுக்கும் ஒரு மருந்து சிதையாமல் உடலில் தங்கி, மூச்சுத் தசைகளை நெடுநேரம் செயலற்றுக் கிடக்கச் செய்யும்போதுதான் தெரியும். கோத்திரம் பார்ப்பதில் அவர்கள் யாருக்கும் இளைத்தவர்கள் அல்லர், 102 கோத்திரங்கள் என்பது அவர்கள் மரபு. ஆனாலும் ஒரு சிறிய குழுவிலிருந்து பெருகி, வேலியைத் தாண்டாமலே பல தலைமுறைகள் இருந்துவிட்டால், உள்ளே எவ்வளவு தள்ளிப் போய் மணந்தாலும் எல்லாரும் ஓரளவு சொந்தக்காரர்களாகவே இருப்பார்கள். தெற்காசியாவின் 260க்கும் மேற்பட்ட குழுக்களை ஆராய்ந்து 2017இல் வெளியான ஒரு மரபணு ஆய்வு, அவற்றில் 81 குழுக்களில் இப்படிச் சிலரிலிருந்து பெருகியதன் தாக்கம், அதற்குப் பெயர்போன பின்லாந்துக்காரர்களிடமும் ஐரோப்பாவின் அஷ்கெனாசி யூதர்களிடமும் இருப்பதைவிடக் கடுமையானது என்று கண்டது. இது போதும், மரபணுவை வைத்துச் சாதியை எதிர்ப்பதிலும் எனக்குப் பெரிய ஈடுபாடு இல்லை. நோய் வராது என்று நாளைக்கு ஒரு மருத்துவர் சொல்லிவிட்டால் அப்புறம் என்ன செய்வது?

என் அத்தையிடம் வருகிறேன். எங்கள் பிரிவு திருநெல்வேலிச் சீமையில் நான்கு ஊர்களில் மட்டும் இருந்தது. பெரிய சாதியின் சிறிய உட்பிரிவு, பெயர் வேண்டாம். அந்த நான்கு ஊர்களில் பங்காளி வீடுகளைக் கழித்து, வயதைக் கழித்து, ஏற்கனவே மணமானவர்களைக் கழித்தால், அத்தைக்கு முறையான மாப்பிள்ளை என்று மூன்று பேர் மிஞ்சினார்கள். ஒருவர் இலங்கைக்குப் போய்த் திரும்பவில்லை, ஒருவருக்கு அத்தையின் ஜாதகம் பொருந்தவில்லை, மூன்றாமவர் வீட்டில் கேட்ட நகையைத் தாத்தாவால் போட முடியவில்லை. பக்கத்துத் தெருவில், அதே சாதியின் வேறு பிரிவில், வாத்தியார் வேலை பார்த்த ஒருவர் இருந்தார். அவரை யாரும் மறுக்கவில்லை. எவருக்கும் அவர் நினைவில் வரவே இல்லை என்பதுதான் உண்மை. முப்பது வயதுக்கு மேல் அத்தையைப் பற்றி யார் கேட்டாலும் வீட்டில் ஒரே பதில்தான் சொன்னார்கள்: ‘அமையவில்லை.’

நீங்கள் சொற்களைப் பற்றிக் கேட்டிருப்பதால் இந்தச் சொல்லை உங்களிடம் கொஞ்சம் வற்புறுத்திச் சொல்கிறேன். அமைக்கவில்லை என்றால் யார் அமைக்கவில்லை என்று கேட்கலாம். அமையவில்லை என்றால் மழை பெய்யவில்லை என்பது போல, அங்கே கேட்பதற்கு ஆள் கிடையாது. தமிழில் அகமணம் இப்படித்தான் வாழ்கிறது. அதற்குப் பேச்சு வழக்கில் பெயர்ச்சொல்லே கிடையாது. ‘நாங்கள் அவர்களோடு கொண்டு கொடுப்பதில்லை’ என்போம், கொள்வினை கொடுப்பினை உண்டா என்று விசாரிப்போம், ‘நம்ம ஆளுகளா?’ என்று தணிந்த குரலில் கேட்போம். எல்லாம் கொள்வது, கொடுப்பது என்ற வினைகளிலிருந்து வந்தவையும் ‘நம்ம’ என்ற சொல்லும்தான். வேலிக்குள் நடக்கும் மணத்துக்கு வெறும் கல்யாணம் என்று பெயர். வேலியைத் தாண்டிய மணத்துக்குத்தான் அடைமொழிகள்: காதல் திருமணம், கலப்புத் திருமணம், சுயமரியாதை இயக்கத்தார் சொல்லும் சாதி மறுப்புத் திருமணம், அம்மாக்கள் அழுதுகொண்டே சொல்லும் ‘ஓடிப்போயிட்டா’. அரசுகூட முத்துலட்சுமி ரெட்டியின் பெயரால் நிதியுதவித் திட்டம் ஒன்றை ஏற்படுத்தியபோது அதைக் கலப்புத் திருமணத்துக்கான திட்டம் என்றே அழைத்தது. பாலில் தண்ணீரையும் பருப்பில் கல்லையும் சொல்லும் அதே வேர். அப்படியானால் மற்றவை தூய திருமணங்கள் என்றாகிறது, அதை யாரும் எழுதவில்லை என்றாலும். இந்திய அளவில் நூற்றுக்குச் சுமார் 95 மணங்கள் சாதிக்குள்தான் நடக்கின்றன என்று 2011–12 கணக்கெடுப்பு ஒன்று சொல்கிறது. பெயரில்லாமல் இருப்பது அந்த 95, பெயர் சுமப்பது மிஞ்சிய 5.

எனக்குப் பத்து வயது இருக்கும்போது அத்தை என்னை ஸ்ரீவைகுண்டத்துக்குக் கள்ளபிரான் கோயிலுக்கு அழைத்துப் போனார். திரும்பும் வழியில் ஒரு மண் மதிலைக் காட்டினார். அதற்குள் கோட்டைப் பிள்ளைமார் என்ற சிறிய சமூகம் பல தலைமுறைகளாக வாழ்ந்து வந்தது. அவர்கள் வீட்டுப் பெண்கள் கோட்டையை விட்டு வெளியே வருவதில்லை, பிற ஆண்கள் அவர்களைப் பார்ப்பதில்லை, கொள்வதும் கொடுப்பதும் கோட்டைக்குள்ளேயே என்பதும் சுற்றுவட்டாரத்தில் எல்லாருக்கும் தெரிந்த செய்தி. இறந்த பிறகுதான் ஒரு பெண் அந்த மதிலைக் கடப்பாள் என்பார்கள். பிற்காலத்தில் ஆட்கள் குறைந்து, குடும்பங்கள் வெளியேறி, மதிலும் கரைந்துவிட்டது. அன்று நான் மதிலின் உயரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அத்தை பக்கத்து வெற்றிலைக் கடைக்காரரிடம், ‘உள்ள எத்தன வீடு இருக்கு?’ என்று கேட்டார். அவர் ஒரு எண்ணைச் சொன்னார், எனக்கு அது நினைவில்லை. ‘அவ்வளவுதானா? அப்ப மாப்பிள்ளைக்கு எங்க போவாங்க?’ என்று அத்தை கேட்டதும், கடைக்காரர் சிரித்ததும் நினைவிருக்கிறது.

1916ஆம் ஆண்டு மே 9 அன்று நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் இருபத்தைந்து வயது அம்பேத்கர் ஒரு கட்டுரை வாசித்தார். சாதிக்கே உரிய இலக்கணம் அகமணம் ஒன்றுதான் என்றும், புறமணம் ஆழ வேரூன்றிய ஒரு நாட்டில் அதன்மேல் அகமணத்தை ஏற்றி வைத்தபோது சாதி உண்டாயிற்று என்றும் அதில் வாதிட்டார். அந்தக் கட்டுரையின் நடுவில் இருப்பதும் அத்தையின் கேள்விதான். ஒரு குழு தனக்குள்ளேயே மணக்க வேண்டுமானால் மணவயது ஆண்களும் பெண்களும் சம எண்ணிக்கையில் இருக்க வேண்டும். கணவன் இறந்தால் ஒரு பெண் மிகுகிறாள், மனைவி இறந்தால் ஓர் ஆண் மிகுகிறான். மிகுந்தவர்களை என்ன செய்வது? உடன்கட்டை, கைம்மை, ஆணுக்குத் துறவு அல்லது சிறுமியோடு மணம் என்று இந்தச் சமூகம் கண்டுபிடித்த விடைகளை அவர் கணக்குப் போல வரிசையாகக் காட்டுகிறார். மணமாகாமலே மிகுந்துபோகும் பெண் அந்தக் கணக்கில் தனியாக வருவதில்லை. என் அத்தை மிகுந்துபோனவர்.

அவருக்கு ஐம்பது வயதாகும்போது என் சித்தப்பா மகளைப் பக்கத்துப் பிரிவில் கொடுத்தார்கள். யாரும் கூடித் தீர்மானம் போடவில்லை, யாரும் எதிர்க்கவும் இல்லை. ‘இப்பல்லாம் யாரு உட்பிரிவு பார்க்கிறா?’ என்று என் அப்பாவே சொன்னார். அத்தை பந்தியில் பரிமாறிக்கொண்டிருந்தார். ஓர் ஆயுளை எடுத்துக்கொண்ட வேலி பதினைந்து இருபது ஆண்டுகளில் சத்தமில்லாமல் நான்கு முழம் தள்ளி நடப்பட்டுவிட்டது. இப்போது மணமகள் தேவை விளம்பரங்களில் ‘உட்பிரிவு தடையில்லை’ என்று தாராளமாகப் போடுகிறார்கள். சிலர் ‘சாதி தடையில்லை’ என்றே போட்டுவிட்டு, எஸ்.சி., எஸ்.டி. நீங்கலாக என்று அடைப்புக்குறிக்குள் சேர்க்கிறார்கள். அந்த அடைப்புக்குறிதான் இன்றைய மதில். ஆகவே ‘அகம்’ எது என்பது தலைமுறைக்குத் தலைமுறை மாறுகிறது என்பதை, நீங்கள் எந்தச் சொல்லைப் போட்டாலும், மொழிபெயர்ப்பின் முன்னுரையில் ஒரு வரி எழுதுங்கள்.

சொல்லைப் பற்றிய கேள்விக்கு விடை சுருக்கமானது. அகமணம் என்றே போடுங்கள்; அது பழகிவிட்டது, புறமணத்தோடு இணையாகவும் நிற்கிறது. உள்மணம் காதில் ஒட்டவில்லை. தன்குல மணம் வேண்டவே வேண்டாம், ஏனென்றால் குலம் என்று நீங்கள் சொல்வதை உங்கள் ஊரில் குலதெய்வத்தோடு சேர்த்துக் கூட்டம் என்று புரிந்துகொள்வார்கள், பொருள் தலைகீழாகிவிடும். கட்டுரை குறிப்பாகச் சாதியைப் பேசும் இடங்களில் அகமணம் என்ற கலைச்சொல்லின் பின்னால் ஒளியாமல், சாதிக்குள் மணம் என்று பச்சையாகவே எழுதுங்கள்.

வீட்டில் பெண் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். நல்லபடியாக நடக்க வாழ்த்துகள். எங்கே பார்க்கிறார்கள் என்று நீங்கள் எழுதவில்லை.

அன்புடன்.