மாற்றல் கடிதமும் மூன்று மாதக் கெடுவும்

கேள்வி: பேராக் மாநிலத்தின் சுங்கை சிப்புட்டில் ஓர் அரசாங்க அலுவலகத்தில் 14 ஆண்டுகளாக எழுத்தராக இருக்கிறேன். திடீரென்று கிளந்தான் மாநிலத்தின் குவா மூசாங்கிற்கு மாற்றல் கடிதம் வந்திருக்கிறது. தோட்டத்தில் பால்மரம் வெட்டி என்னைப் படிக்க வைத்த அம்மாவுக்கு இப்போது வாரம் மூன்று முறை டயாலிசிஸ். கணவர் செம்பனை ஆலையில் வேலை செய்கிறார். மேலதிகாரி மீது நான் புகார் கொடுத்த அடுத்த மாதமே இந்தக் கடிதம் வந்தது. வழக்குப் போடலாமா?

பதில்: போடலாம், சகோதரி. ஆனால் உங்களிடம் இரண்டு காரணங்கள் இருக்கின்றன, அவற்றைக் கலக்காதீர்கள். அம்மாவின் நோயைத் துறையிடம் சொல்ல வேண்டும். புகாருக்கு மறுமாதமே மாற்றல் வந்ததை நீதிமன்றத்தில் சொல்ல வேண்டும்.

பணியாளரை இடம் மாற்றும் அதிகாரத்தை மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 144ஆவது பிரிவே, அரசாங்க ஊழியர்களை நியமிக்கும் சேவை ஆணையங்களுக்குத் தருகிறது. அதனால் குடும்பக் கஷ்டத்தை மட்டும் கேட்டு நீதிபதி மாற்றலை ரத்து செய்வது அரிது. அம்மாவின் மருத்துவ அறிக்கை, டயாலிசிஸ் அட்டவணை, கணவரின் வேலைச் சான்று ஆகியவற்றை இணைத்து, துறைத் தலைவர் வழியாக உடனே முறையீடு அனுப்புங்கள். ஈப்போவுக்கோ கோலகங்சாருக்கோ மாற்றினாலும் ஏற்பேன் என்று எழுதினால், மறுப்பது அவர்களுக்குக் கடினம்.

புகாரின் கதை வேறு. எச்சரிக்கை, அபராதம், பதவியிறக்கம், பணிநீக்கம் எனத் தண்டனைகளை அரசாங்க ஊழியர்களுக்கான 1993ஆம் ஆண்டு ஒழுங்கு விதிமுறைகள் வரிசைப்படுத்துகின்றன. அந்த வரிசையில் இடமாற்றம் இல்லை. பழிவாங்கும் நோக்கில் மாற்றினார்கள் என்றோ, கையெழுத்திட்டவருக்கு அந்த அதிகாரமே இல்லை என்றோ காட்ட முடிந்தால் உங்கள் வழக்குக்குப் பலம் உண்டு. காட்டுவதற்குத் தாள் வேண்டும்: புகாரின் நகல், அது பெறப்பட்ட தேதி, மாற்றல் கடிதம், உங்கள் பணி மதிப்பீடுகள். கடிதத்தில் உங்கள் தரம் குறைந்திருக்கிறதா என்றும் பாருங்கள். விளக்கமளிக்க வாய்ப்புத் தராமல் பதவியிறக்கம் செய்வதை அரசியலமைப்பின் 135ஆவது பிரிவு தடுக்கிறது.

உங்கள் கணவருக்கு ஆலையில் பிரச்சினை வந்தால் தொழிலியல் உறவு இலாகாவுக்குப் போகலாம். அரசாங்க ஊழியரான உங்களுக்கு அந்தக் கதவு திறக்காது. நீங்கள் உயர்நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான், அதாவது அரசாங்கத்தின் முடிவு சட்டப்படி சரியா என்று ஆராயக் கேட்கும் மனுதான், போட வேண்டும். முதலில் அதற்கு நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். அதற்கான மனுவை, முடிவு உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். பலர் தோற்பது இந்தக் கெடுவில்தான். துறைக்கு முறையீடு அனுப்பிவிட்டுப் பதிலுக்காகக் காத்திருப்பார்கள்; பதில் வரும்போது கெடு தாண்டியிருக்கும். முறையீட்டுக்காகக் கெடு நிற்காது என்றே வைத்துக்கொண்டு, முதல் மாதத்திலேயே வழக்கறிஞரைப் பாருங்கள்.

நம் தோட்டப்புற ஊர்களில் சிக்கல் என்றாலே சட்டமன்ற உறுப்பினரிடம் கடிதம் வாங்க ஓடுவது வழக்கம். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். சேவை தொடர்பான கோரிக்கைக்கு வெளிச் செல்வாக்கைக் கொண்டுவருவது அதே விதிமுறைகளின் 4ஆம் விதிப்படி ஒழுங்கு மீறல். நியாயம் உங்கள் பக்கம் இருந்தும், குற்றம் சாட்டப்படுபவராக நீங்கள் மாறிவிடுவீர்கள். உங்கள் தொழிற்சங்கத்தின் உதவியை நாடுங்கள். அதுவே முறையான வழி.

வேலைக்குப் போகாமல் வீட்டில் இருந்துவிடவும் வேண்டாம். மனுப் போட்டாலோ அனுமதி கிடைத்தாலோகூட மாற்றல் தானாக நின்றுவிடாது. நீதிபதி தடையுத்தரவு தந்தால்தான் நிற்கும். அதுவரை போகாதிருந்தால் அனுமதியின்றி விடுப்பெடுத்தவர் ஆவீர்கள். முறையீடு நிலுவையில் இருக்கிறது, என் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டு, குறித்த நாளில் குவா மூசாங்கில் பணியில் சேருங்கள். கேமரன் மலையைத் தாண்டி அம்மாவை விட்டுப் போவது எவ்வளவு வலிக்கும் என்று எனக்குப் புரிகிறது. டயாலிசிஸுக்கு அம்மாவை யார் அழைத்துப்போவது என்பதை இந்த வாரமே வீட்டில் பேசி முடிவு செய்யுங்கள். கடிதம் எந்தத் தேதியில் உங்கள் கைக்கு வந்தது என்பதை அதன் உறையிலேயே இன்று குறித்து வையுங்கள்.