ரோட்டுக்குப் போன 40 சென்ட்: பணத்தை வாங்கலாமா?

கேள்வி: தேசிய நெடுஞ்சாலையை நான்குவழிச் சாலையாக்க, எங்கள் 1 ஏக்கர் 70 சென்ட்டில் 40 சென்ட்டை எடுத்துவிட்டார்கள். கிணறும் 9 தென்னையும் அதில்தான் இருக்கின்றன. வழிகாட்டி மதிப்பை வைத்தே விலை போட்டிருக்கிறார்கள். பக்கத்து நிலம் அதைப்போல இரண்டு மடங்குக்கு விற்றிருக்கிறது. பணத்தை வாங்கினால் கேஸ் போட முடியாது என்கிறார்கள். பட்டா காலமான அப்பா பெயரில் இருக்கிறது. அம்மாவும் 2 தங்கைகளும் இருக்கிறார்கள். என்ன செய்வது?
- ஒரு விவசாயி, தர்மபுரி மாவட்டம்

பதில்: பணத்தை வாங்குங்கள். வாங்கினால் உரிமை போய்விடும் என்று பயந்து பல குடும்பங்கள் தொகையை அப்படியே கிடக்கவிடுகின்றன. அதனால் அவர்களுக்குத்தான் நஷ்டம். "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன், கூடுதல் இழப்பீடு கோருவேன்" என்று நில எடுப்பு அலுவலருக்கு எழுதி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றுடன் ஸ்பீட் போஸ்டில் அனுப்பிவிட்டு வாங்குங்கள். முழுத் திருப்தியுடன் பெற்றதாக எழுதிய தாளில் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள்.

நிலத்தைத் திரும்பப் பெறுவது இனிக் கடினம். தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தின் 3ஏ அறிவிப்பு (நிலம் எடுக்கப் போவதாகச் சொல்லும் முதல் அறிவிப்பு) வந்த 21 நாளுக்குள் ஆட்சேபிக்க வேண்டும். எடுப்பதை உறுதிசெய்யும் 3டி அறிவிப்பு வெளியானதுமே நிலம் மத்திய அரசுக்குச் சேர்ந்துவிடுகிறது. ஆகவே சண்டை தொகையைப் பற்றியதாகவே இருக்கட்டும். அதில் உங்கள் பக்கம் நிறைய நியாயம் இருக்கிறது.

2013ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் இழப்பீட்டுக் கணக்கு 2015 முதல் நெடுஞ்சாலை நிலங்களுக்கும் பொருந்தும். அதன் 26ஆம் பிரிவுப்படி வழிகாட்டி மதிப்பையும், சுற்றுவட்டாரத்தில் முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான பத்திரங்களின் சராசரியையும் ஒப்பிட்டு, எது அதிகமோ அதைத்தான் எடுக்க வேண்டும். சராசரியையும் எல்லாப் பத்திரங்களையும் வைத்துப் போடக் கூடாது. விலை அதிகமுள்ள பாதிப் பத்திரங்களை வைத்துத்தான் போட வேண்டும். பக்கத்துச் சர்வே எண்களுக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, நல்ல விலைக்குப் போன பத்திரங்களின் சான்றிட்ட நகலை சார்பதிவாளர் அலுவலகத்தில் வாங்கிவிடுங்கள். ஊரில் பேசிய விலை செல்லாது, பத்திரத்தில் எழுதிய விலைதான் செல்லும். உங்கள் பக்கத்து நிலத்தைக் குறைத்துக் காட்டிப் பதிந்திருந்தால் அந்தப் பத்திரம் உங்களுக்கு உதவாது, வேறு பத்திரம் தேட வேண்டும்.

அப்புறம் இழப்பீட்டு உத்தரவின் கணக்குத் தாளை வரி வரியாகப் பாருங்கள். கிராமப்புற நிலம் என்றால் சந்தை மதிப்பை மாநில அரசு நிர்ணயித்த காரணியால் பெருக்கியிருக்க வேண்டும். கிணறு, மரங்களின் மதிப்பையும் கூட்டிய பிறகு, அந்த மொத்தத் தொகைக்கு 100 சதவீத ஆறுதல் தொகை (கட்டாயமாக நிலம் எடுப்பதற்காகத் தரும் கூடுதல் தொகை) வர வேண்டும். நிலத்துக்கு மட்டும் போட்டிருந்தால் தவறு. சந்தை மதிப்பின் மீது ஆண்டுக்கு 12 சதவீதம் தனியாகச் சேர வேண்டும்.

கிணற்றின் விஷயம் அந்தக் கிணற்றோடு முடிவதில்லை. மீதி 1 ஏக்கர் 30 சென்ட்டுக்குத் தண்ணீர் எங்கிருந்து வரும்? பாசனம் போய் அது மானாவாரி நிலமாகிவிட்டால், அந்த இழப்பையும் அதே 2013 சட்டத்தின் 28ஆம் பிரிவில் தனியாகக் கேட்கலாம். இதைப் பெரும்பாலோர் கேட்பதே இல்லை. அடங்கலில் பதிவான பயிர், மின் இணைப்பு அட்டை, கிணறு தெரியும் புலப்படம், தேதியுடன் எடுத்த போட்டோக்கள், புதுக் கிணறு வெட்ட ஆகும் செலவுக்கு ஒரு பொறியாளரின் மதிப்பீடு எல்லாவற்றையும் திரட்டுங்கள். கிணற்றை மூடுவதற்குள் போட்டோ எடுத்துவிடுங்கள்.

கூடுதல் இழப்பீடு கேட்கும் மனுவை தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தின் 3ஜி(5) பிரிவின் கீழ், மத்திய அரசு நியமிக்கும் நடுவரிடம் போட வேண்டும்; தமிழ்நாட்டில் பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர்தான் நடுவர். ஓரிரு மாதத்துக்குள் போட்டுவிடுங்கள். அவர் தொகையைக் கூட்டினால், கூடிய தொகைக்கு நிலத்தைக் கையகப்படுத்திய நாளிலிருந்து 9 சதவீத வட்டி உண்டு. அவர் முடிவும் சரியில்லை என்றால் 3 மாதத்துக்குள் மாவட்ட நீதிமன்றம் போகலாம். ஆனால் அங்கே புதிதாக விலை நிர்ணயிக்க மாட்டார்கள் என்பதால் ஆதாரம் முழுவதையும் நடுவரிடமே வைத்துவிட வேண்டும்.

பட்டாவைப் பொறுத்தவரை, இந்துக் குடும்பத்தில் அப்பா உயில் எழுதாமல் போயிருந்தால் அம்மா, தங்கைகள், நீங்கள் எல்லோருக்கும் சம பங்கு உண்டு. வாரிசுச் சான்று வாங்கி, நால்வரும் சேர்ந்தே மனுக் கொடுங்கள். தங்கைகளை விட்டுவிட்டு நீங்கள் மட்டும் போய், அவர்கள் ஆட்சேபித்தால், தொகை நீதிமன்றத்தில் போய்க் கிடக்கும்; வழக்கு முடியும்வரை யாருக்கும் கிடைக்காது. இந்த வாரமே வீட்டில் உட்கார்ந்து பேசிவிட்டு, தாலுகா அலுவலகம் போய்வாருங்கள்.