சமரச மையத்தில் பேசி முடித்தாலே விவாகரத்து ஆகிவிடுமா?

ஆகாது. சமரச மையத்தில் இருவரும் கையெழுத்திடும் ஒப்பந்தம் திருமணத்தை முறிப்பதில்லை. 1955ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தில், இருவரும் சம்மதித்துப் பெறும் விவாகரத்துக்கான 13பி பிரிவின்படி குடும்ப நீதிமன்றம் தீர்ப்பாணை வழங்கினால்தான் முறியும். இப்பிரிவின்கீழ் மனு செய்ய, இருவரும் ஓராண்டாவது பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும். ஒரே கூரையின்கீழ் இருந்தாலும் கணவன் மனைவியாக வாழவில்லை என்றால் அதுவும் பிரிந்து வாழ்வதே என உச்ச நீதிமன்றம் 1991இல் விளக்கியுள்ளது. மனு செய்தபின் ஆறு மாதம் காத்திருக்க வேண்டும் என்பது பொது விதி. ஜீவனாம்சம், குழந்தையின் பொறுப்பு உள்ளிட்ட அனைத்தும் உண்மையாகவே தீர்ந்து, இருவரையும் சேர்த்துவைக்கும் முயற்சியும் பலனளிக்காத நிலையில், நீதிமன்றம் அக்காலத்தைத் தள்ளுபடி செய்யலாம் என்று 2017இல் அமர்தீப் சிங் என்பவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆகவே ஒப்பந்தத்தை அவசரப்பட்டு எழுத வேண்டாம். "நகைகள் திருப்பித் தரப்படும்" என்று பொத்தாம்பொதுவாக எழுதாமல், எந்த நகை, எத்தனை சவரன், எந்தத் தேதியில் என்று எழுதுங்கள். தருவதாக ஒப்புக்கொண்ட பணத்தில் ஒரு பகுதியை இறுதி விசாரணை நாளில் நீதிபதி முன்னிலையில் டிமாண்ட் டிராஃப்டாகக் கொடுப்பது இருவருக்கும் பாதுகாப்பு. ஏனெனில் தீர்ப்பாணை வரும்வரை எவரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். குழந்தையின் ஜீவனாம்ச உரிமையைத் தாய் விட்டுக்கொடுத்ததாக எழுதினாலும் அது குழந்தையைக் கட்டுப்படுத்தாது. கணவனோ அவன் குடும்பத்தாரோ மனைவியைக் கொடுமைப்படுத்தியதாக இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ பிரிவில் (2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 85ஆவது பிரிவு) வழக்கு நிலுவையில் இருந்தால், காவல் நிலையத்தில் எழுதிக்கொடுப்பது போதாது; சமரச ஒப்பந்தத்தைக் காட்டி உயர் நீதிமன்றத்தில் ரத்து செய்ய மனுப்போட வேண்டும்.