மாட்டிறைச்சியும் காய்கறியும் சேர்த்த கொரிய நூடுல்ஸை வீட்டில் விரைவாகச் செய்வது எப்படி?

பதினைந்து நிமிடத்தில் முடியும் என்று சொன்ன காணொளியைப் பார்த்துச் செய்தும் ஒரு மணி நேரம் ஆனது, நூடுல்ஸும் கட்டியாகிவிட்டது, எங்கே தவறு என்று கேட்டிருக்கிறீர்கள். நீங்கள் செய்ய முயன்றது ஜாப்சே என்றும், நூடுல்ஸை முதலில் வேகவைத்து வடிதட்டில் கொட்டிவிட்டு அதன் பிறகே காய் நறுக்க உட்கார்ந்தீர்கள் என்றும் ஊகிக்கிறேன். அதே தவற்றைச் செய்து பத்துப் பேருக்கு முன்னால் தலைகுனிந்தவன் என்பதால்தான் இவ்வளவு துணிவாகச் சொல்கிறேன்.

ஆராய்ச்சிப் பணிக்காகக் கொரியாவின் தேஜோன் நகரில் மூன்று ஆண்டுகள் இருந்தேன். முதல் ஆண்டு சூசோக் பண்டிகை விடுமுறையில், ஊருக்குப் போக வழியில்லாத வெளிநாட்டு மாணவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு பண்டம் செய்துகொண்டு நான் குடியிருந்த கட்டடத்தின் மொட்டைமாடியில் கூடுவதென்று முடிவாயிற்று. பிறந்தநாளோ பண்டிகையோ, அந்நாட்டு விருந்தில் ஜாப்சே இல்லாமல் இருப்பது அரிது என்று கேள்விப்பட்டிருந்ததால், அதை நானே செய்துவருவதாக வாக்குக் கொடுத்துவிட்டேன். நூடுல்ஸ் நாற்பது நிமிடம் வடிதட்டில் காத்திருந்தது ஒரு பிழை. கடையில் இருந்த இரண்டு வகைச் சோயா சாஸில், நிறம் வெளிறியிருப்பது உப்பும் குறைவாக இருக்கும் என்று நம்பி, சூப்புக்கு ஊற்றும் குக் கான்ஜாங்கை வாங்கியது அதைவிடப் பெரிய பிழை. வெளிறிய அதில்தான் உப்பு அதிகம்.

கீழ்த்தளத்தில் இருந்த வீட்டுக்கார அம்மாளையும் அழைத்திருந்தோம். அவர் பரிமாறும் இடுக்கியால் ஒரு வாய் எடுக்கப் போக, பாத்திரத்தில் இருந்த நூடுல்ஸ் முழுவதும் ஒரே பாளமாக எழுந்து வந்தது. சற்று நேரம் அதைத் தொங்கவிட்டுப் பார்த்துவிட்டு, "இது ஜாப்சே இல்லை, தொக்" என்றார். நம் ஊர்த் தொக்கு அன்று. அங்கே தொக் என்பது அரிசிமாவை வேகவைத்து இடித்துச் செய்யும், கொழுக்கட்டை போன்ற பண்டம். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்துவைத்தேன். மறுவாரம் அவரே தம் சமையலறைக்கு அழைத்துச் செய்துகாட்டினார். கீழே எழுதுவது பெரும்பாலும் அவரிடம் கற்றது. ஒரே வாணலியில் சுருக்கியது மட்டும் என் வேலை.

நால்வருக்கு 200 கிராம் தாங்மியோன் போதும். இது சர்க்கரைவள்ளிக் கிழங்கு மாவில் செய்த நூடுல்ஸ். காய்ந்திருக்கும்போது சாம்பல் நிறமாகவும் வெந்ததும் கண்ணாடியாகவும் இருக்கும். கோதுமை நூடுல்ஸில் இந்த வழுவழுப்பும் இழுவையும் வராது. மாட்டிறைச்சி 150 கிராம், கொழுப்புக் குறைந்த பகுதியாக இருக்கட்டும். கொரியக் கடைகளில் ஜாப்சேக்கென்றே விரல் நீளக் கீற்றுகளாக வெட்டி விற்பார்கள். உங்கள் ஊரில் கிடைக்காவிட்டால் முழுத் துண்டை அரை மணி நேரம் உறைபெட்டியில் வைத்துவிட்டு, தசைநாருக்குக் குறுக்காக மெல்லியதாக அரியுங்கள். அதில் ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸ், ஒரு தேக்கரண்டி சர்க்கரை, நசுக்கிய பூண்டு ஒரு பல், சிறிது மிளகுத்தூள் சேர்த்துப் பிசறிவைத்துவிட்டு, ஒரு வெங்காயம், ஒரு கேரட், ஐந்தாறு காளான் ஆகியவற்றையும் இதே அளவுக் கீற்றுகளாக நறுக்கி முடியுங்கள். நறுக்கி முடியும்வரை அடுப்பைத் தொட வேண்டாம்.

பிறகு பெரிய பாத்திரத்தில் நீர் கொதித்ததும் ஒரு கட்டுப் பசலைக்கீரையை அரை நிமிடம் முக்கி எடுத்துக் குளிர்ந்த நீரில் அலசிப் பிழிந்துகொள்ளுங்கள். கீரையை முக்கிய கொதிநீரைக் கொட்டிவிடாதீர்கள். பக்கத்து அடுப்பில் வெங்காயம், கேரட், காளான் என்ற வரிசையில் ஒரு சிட்டிகை உப்போடு அதிக தீயில் வதக்கித் தட்டுக்கு மாற்றுங்கள். வெளிர் நிறத்திலிருந்து அடர் நிறத்துக்குப் போவதால் இடையில் வாணலியைக் கழுவ வேண்டியதில்லை. இப்போதுதான் நூடுல்ஸை அந்தக் கீரை நீரில் போட வேண்டும். அது வேக ஆறேழு நிமிடம் ஆகும். நாலு நிமிடம் கழித்து இறைச்சியை வாணலியில் போட்டால் இரண்டும் ஏறக்குறைய ஒன்றாகத் தயாராகும். நூடுல்ஸை வடித்துக் கத்தரிக்கோலால் இரண்டு மூன்று இடத்தில் வெட்டி, நேரே இறைச்சிச் சாற்றின் மேல் கொட்டி, இரண்டு மேசைக்கரண்டி சோயா சாஸும் ஒரு மேசைக்கரண்டி சர்க்கரையும் சேர்த்துப் புரட்டினால், சூட்டில் அத்தனையையும் உறிஞ்சிக்கொண்டு பழுப்பு நிறத்தில் மினுமினுக்கும். காத்திருக்க நேரமே கொடுக்காததால் ஒட்டாது. கடைசியாக அடுப்பை அணைத்துவிட்டுக் காய்களையும் கீரையையும் கலந்து, எள்ளெண்ணெயும் வறுத்த எள்ளும் தூவுங்கள்.

எள்ளெண்ணெய் என்றதும் வீட்டு நல்லெண்ணெயை எடுத்துவிடாதீர்கள். நம்முடையது வறுக்காத எள்ளை ஆட்டி எடுப்பது. கொரியர்களுடையது எள்ளை நன்றாக வறுத்தபின் பிழிவது. ஒரு மேசைக்கரண்டியிலேயே வீடு முழுக்க மணக்கும். நல்லெண்ணெய் விட்டால் கெட்டுப்போகாது, ஆனால் ஜாப்சேயின் வாசனை வராது.

நறுக்குவதையும் சேர்த்து எனக்கு நாற்பது நிமிடம் ஆகிறது. பதினைந்து நிமிடம் என்பவர்கள், நறுக்கிய காய்களைக் கிண்ணம் கிண்ணமாக அடுக்கிவைத்த பிறகே கேமராவை இயக்குகிறார்கள். அந்தக் கிண்ணங்களை யார் நிரப்பினார்கள், யார் கழுவுவார்கள் என்பது காணொளியில் வராது.

காய், இறைச்சி, நூடுல்ஸ் என ஒவ்வொன்றையும் தனித்தனியாகச் சமைத்து, கையால் கலப்பதே மரபு, இது ஜாப்சேயே அன்று என்று யாரேனும் வரக்கூடும். மரபு முறையில் செய்தால் சுவை கூடுதல்தான், மறுக்கவில்லை. ஆனால் ஜாப் என்றால் கலவை, சே என்றால் காய்கறி. 17ஆம் நூற்றாண்டில் இப்பெயரில் அரண்மனையில் பரிமாறப்பட்டதில் நூடுல்ஸே கிடையாது, அது 20ஆம் நூற்றாண்டில் வந்து சேர்ந்தது. நூடுல்ஸுக்கு இடம் கொடுத்த பண்டம் என் ஒற்றை வாணலியையும் பொறுத்துக்கொள்ளும். மாட்டிறைச்சியை ஏன் எழுதினாய் என்பவர்களுக்கு, கேட்டவர் அதைத்தான் கேட்டார் என்பதே பதில். வேண்டாதவர்கள் காளானை இரட்டிப்பாக்கிக்கொள்ளலாம்.

மிச்சமானால் குளிர்பெட்டியில் நூடுல்ஸ் வெளுத்து விறைத்துப்போகும், பயந்து கொட்டிவிடாதீர்கள். இரண்டு கரண்டி நீர் தெளித்து வாணலியில் புரட்டினால் மறுபடி கண்ணாடியாகிவிடும், சுடுசோற்றின் மேல் போட்டுக்கொண்டால் மறுநாள் மதியச் சாப்பாடும் முடிந்தது.