எட்டு நாள் எங்கே போயிருந்தீர்கள்?

கேள்வி: வயது 44. கோவையில் இருக்கிறேன். வாயேஜர் விண்கலம் 600 கோடி கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து எடுத்த பூமியின் படத்தைப் பார்த்ததிலிருந்து எல்லாமே அற்பமாகத் தெரிகிறது. நாம் வெறும் தூசிப்புள்ளி! பொள்ளாச்சியில் தங்கை வீட்டில் அம்மா வழுக்கி விழுந்ததாகப் போன் வந்தபோதுகூட நான் பதறவில்லை. எட்டாம் நாள்தான் போய்ப் பார்த்தேன். 'கல்நெஞ்சம்' என்கிறாள் மனைவி. இது ஞானமா, கோளாறா?

பதில்: தம்பி, ஞானம் இருக்கட்டும். அந்த எட்டு நாளைப் பற்றிப் பேசுவோம்.

உக்கடத்தில் பஸ் ஏறினால் பொள்ளாச்சி 40 கிலோமீட்டர். விழுந்த அம்மாவைக் கைத்தாங்கலாகப் பாத்ரூமுக்குக் கூட்டிப்போய், குளிப்பாட்டி, ராத்திரி கண்விழித்தது யார்? உங்களுக்குச் சிறுத்துப்போன பூமி தங்கைக்கு மட்டும் அப்படியே இருக்கிறதா? சம்பளம் எட்டு நாள் தள்ளிப்போனாலும் தூசிப்புள்ளி என்று சும்மா இருப்பீர்களா? பெற்றவள் விழுந்தால் ஓட வேண்டியது மகனும்தான். மகளுக்கு மட்டும் எழுதிவைத்த வேலையல்ல அது.

நீங்கள் பார்த்த படத்தை 1990 பிப்ரவரி 14 அன்று எடுத்தது ஆளில்லாத கலம். கேமராவுக்கு அம்மா கிடையாது. சரி, மனிதர்கள் போய்ப் பார்த்த கதைக்கு வருவோம். 1968 டிசம்பர் 24. அப்போலோ 8 நிலவைச் சுற்றிக்கொண்டிருக்கிறது. சாம்பல் தரைக்கு மேலே நீலமாகப் பூமி எழுகிறது. நீங்கள் பதறவில்லை என்று எழுதினீர்களே, அந்தக் கலத்தில் இருந்த விண்வெளி வீரர் பில் ஆண்டர்ஸ் பதறினார். கலர் பிலிம் கொடு, சீக்கிரம் என்று பறந்தார். நிலவை ஆராயப் போய்ப் பூமியைத்தான் கண்டுபிடித்தோம் என்று பிற்பாடு சொன்னவரும் அவர்தான்.

கூட இருந்த ஜிம் லோவல், கட்டைவிரலை நீட்டினால் பூமி முழுக்க மறைந்துவிடுவதைப் பார்த்தவர். அவ்வளவு சின்னதாகத்தான் அவருக்கும் தெரிந்தது. ஆனால் கிளம்புமுன்பே ஓர் ஏற்பாடு செய்துவிட்டுப் போயிருந்தார். கிறிஸ்துமஸ் அன்று மனைவி மர்லின் கைக்கு மிங்க் என்ற விலங்கின் ரோமத்தோலில் தைத்த ஒரு கோட்டு வந்தது, 'நிலாவில் இருக்கும் மனிதனிடமிருந்து' என்ற சீட்டோடு. (விலங்குத் தோல் எனக்குப் பிடிக்காது, அது வேறு பேச்சு.) அவர் போனது 3.8 லட்சம் கிலோமீட்டர்.

உங்கள் மனைவி சொன்னதை நான் மாற்றிச் சொல்ல மாட்டேன். இந்தச் சனிக்கிழமையே கிளம்புங்கள். பார்த்துவிட்டுத் திரும்புகிற கதையெல்லாம் வேண்டாம். பத்து நாள் லீவு போட்டு அங்கேயே தங்குங்கள், தங்கை கொஞ்சம் தூங்கட்டும். அந்தப் படத்தையும் எடுத்துப்போய் அம்மாவிடம் காட்டுங்கள். இதில் பொள்ளாச்சி எங்கேடா என்று கேட்பார்.